சின்ன வேடம் என்று ஒன்று உண்டா?

சினிமாவைப் பற்றிப் பேச்சு எழுந்தால் நாம் முதலில் கேட்பது, "ஹீரோ யார்?" என்பதுதான். அப்புறம் ஹீரோயின், பிறகு மியூசிக், அதற்கும் பிறகு டைரக்டர் என்று கேள்வி போகும். வில்லனும் காமெடியனும்கூட அந்த வரிசையில் எங்கேயாவது வந்துவிடுவார்கள். வீட்டுக்காரராகவும், பாதிரியாராகவும், ஹோட்டல் மானேஜராகவும், பெண்ணுக்கு நிச்சயிக்கப்பட்ட வயதான மாப்பிள்ளையாகவும் இரண்டு காட்சிகளில் தலையைக் காட்டிவிட்டுப் போகிறவரை யாரும் கேட்பதில்லை. அப்படிக் கேட்கப்படாத ஒருவரைப் பற்றி, அதுவும் இத்தாலி தேசத்துக்காரர் ஒருவரைப் பற்றி, நம் சங்கத்துப் பத்திரிகையில் எழுத என்ன இருக்கிறது என்று வாசகர்கள் நினைக்கலாம். கொஞ்சம் பொறுமையாகப் படித்தால் காரணம் புரியும்.

அவர் பெயர் லியோபோல்டோ திரியெஸ்தே. பெயரைச் சொன்னால் தெரியாது. முகத்தைக் காட்டினால் உங்களில் பலருக்குத் தெரியும். 'காட்ஃபாதர்' இரண்டாம் பாகம் (1974) பார்த்தவர்கள், ஒரு விதவையையும் அவளுடைய நாயையும் வீட்டைவிட்டுக் கிளப்பப் பார்க்கும் அந்த வீட்டுக்காரரை மறந்திருக்க மாட்டார்கள். 'சினிமா பாரடைஸோ' (1988) பார்த்தவர்களுக்கு, முத்தக்காட்சி வந்தவுடன் மணியை ஆட்டும் பாதிரியார் நினைவிருக்கும். இருவரும் ஒருவரே. குட்டையான உருவம், உருட்டி விழிக்கும் பெரிய கண்கள், எந்த நேரமும் ஏதோ ஓர் அவமானம் வரப்போகிறது என்று எதிர்பார்ப்பது போன்ற ஒரு பார்வை. ஐம்பது ஆண்டுகள் அவர் முதலாகப் போட்டது இவ்வளவுதான்.

இத்தாலியப் படத்தைப் பூட் அணிந்த கால் என்று பள்ளிக்கூடத்தில் சொல்லிக் கொடுத்திருப்பார்கள். அந்தக் காலின் விரல் நுனியில் இருக்கிறது ரெஜ்ஜோ கலாப்ரியா என்னும் ஊர். 1908-ஆம் ஆண்டுப் பூகம்பத்தில் தரைமட்டமாகி மறுபடி எழுந்த நகரம் அது. பிழைப்புக்காக ஜனங்கள் ரோமுக்கும் மிலானுக்கும், கடல் தாண்டி அமெரிக்காவுக்கும் கூட்டம் கூட்டமாகப் போன ஏழைத் தெற்குப் பிரதேசம். அங்கேதான் 1917-ஆம் ஆண்டு மே மாதம் திரியெஸ்தே பிறந்தார். 'திரியெஸ்தே' என்பது நாட்டின் வடகிழக்கு மூலையில் உள்ள ஒரு துறைமுகத்தின் பெயர் என்பது வேடிக்கைதான். மனிதர் சுத்தமான தெற்கத்தியர்.

ரோமுக்கு வந்த அவர் நடிகனாக வேண்டும் என்று வரவில்லை. இலக்கியம் படித்தார், நாடகம் எழுதினார். இரண்டாம் உலகப் போர் முடிந்த கையோடு 'ஃப்ரொந்தியேரா', 'க்ரோனாக்கா' போன்ற நாடகங்களால் கவனிக்கத்தக்க நாடகாசிரியர் என்று பெயர் வாங்கினார். சினிமாவுக்குத் திரைக்கதை எழுதுவதிலும் கை வைத்தார். பியத்ரோ ஜெர்மி என்னும் டைரக்டரின் 'ஜொவெந்து பெர்தூத்தா' (1948) படத்தின் எழுத்தாளர்களில் இவரும் ஒருவர். 'க்ரோனாக்கா' நாடகமே பின்னால் 1953-இல் வேறொரு டைரக்டரால் படமாக எடுக்கப்பட்டது. ஆக, அந்தக் காலத்தில் இவரைத் தெரிந்தவர்களிடம் கேட்டிருந்தால், 'பெரிய எழுத்தாளராக வரப்போகிறவர்' என்றுதான் சொல்லியிருப்பார்கள்.

அதற்குள் ஃபெலினி வந்துவிட்டார். ஃபெடரிகோ ஃபெலினி தனியாக டைரக்ட் செய்த முதல் படம் 'வெள்ளை ஷேக்' (1952). கிராமப்புறத்திலிருந்து தேனிலவுக்காக ரோமுக்கு வரும் இவான் கவாலி என்னும் குமாஸ்தா மாதிரியான புது மாப்பிள்ளை வேடத்துக்கு, இந்த நாடகாசிரியரைப் பிடித்துப் போட்டார் அவர். மாப்பிள்ளை எல்லாவற்றுக்கும் மணிக்கணக்கில் அட்டவணை போட்டு வைத்திருக்கிறான். வாட்டிகனில் வேலை பார்க்கும் மாமா, போப்பாண்டவர் தரிசனத்துக்கும் ஏற்பாடு செய்துவிட்டார். ஆனால் புதுப்பெண், படக்கதைப் பத்திரிகையில் வரும் 'வெள்ளை ஷேக்' என்னும் கற்பனை நாயகனைப் பார்க்க வேண்டுமென்று, ஒரு வார்த்தை சொல்லாமல் ஹோட்டலை விட்டுப் போய்விடுகிறாள். கடிதம் கையில் கிடைக்கிறது. அதைப் பிடித்தபடி திகைத்துப்போய்த் தெருவுக்கு வரும் மாப்பிள்ளையை, தொப்பியில் இறகு சூடி எக்காளம் ஊதிக்கொண்டு ஓட்டமாக வரும் பெர்சலியேரிப் படையினர் வளைத்து அடித்துக்கொண்டு போகிறார்கள். பார்க்கிறவர்களுக்கு ஒரே சிரிப்பு. அவன் முகத்தைப் பார்த்தால் மட்டும் சிரிப்பு தொண்டையில் நின்றுவிடும்.

உறவினர்களிடம், "அவளுக்குத் தலைவலி, அறையில் படுத்திருக்கிறாள்" என்று நாள் முழுவதும் பொய் சொல்லிச் சமாளிக்கிறான். குடும்ப மானம் காப்பாற்றப்பட வேண்டும்! இரவில் ஒரு சதுக்கத்து நீரூற்றோரம் உட்கார்ந்து அழுது, வழியில் வந்த இரண்டு விலைமாதர்களிடம் மனைவியின் போட்டோக்களை ஒவ்வொன்றாக எடுத்துக் காட்டுகிறான். அந்த இருவரில் ஒருத்தியாக வருபவர் ஜூலியெத்தா மஸினா. இந்தச் சின்னப் பாத்திரந்தான் ஐந்து வருஷம் கழித்து 'கபிரியாவின் இரவுகள்' என்னும் முழுப் படமாக வளர்ந்தது. சின்ன வேடத்தில் எவ்வளவு அடங்கியிருக்க முடியும் என்பதற்கு இதைவிட வேறு சாட்சி வேண்டாம்.

அடுத்த வருஷமே ஃபெலினியின் 'இ விதெல்லோனி' (1953) வந்தது. வெனிஸ் விழாவில் வெள்ளிச் சிங்கம் பரிசு பெற்ற படம். கடலோரச் சிற்றூரில் வேலை வெட்டி இல்லாமல் சுற்றும் ஐந்து இளைஞர்களின் கதை. அதில் ஒருவனுக்கு லியோபோல்டோ என்றே பெயர். அவன் நாடகம் எழுதுகிறவன். ஊருக்கு வந்த கிழட்டு நடிகர் ஒருவரிடம் தன் நாடகத்தை வாசித்துக் காட்டுகிறான். வாசிக்க வாசிக்கக் கூட வந்த நண்பர்கள் ஒவ்வொருவராக நழுவுகிறார்கள். கடைசியில் அந்த நடிகர், காற்று சுழன்றடிக்கும் இருட்டுக் கடற்கரைக்கு வா, அங்கே வாசிக்கலாம் என்று கூப்பிடும்போதுதான், அவருக்குத் தேவை நாடகம் அன்று என்பது பையனுக்குப் புரிகிறது. ஓட்டம் பிடிக்கிறான். உண்மையான நாடகாசிரியர் ஒருவர், தோற்றுப்போகும் நாடகாசிரியனாக, தன் சொந்தப் பெயரிலேயே நடிக்கிறார்! தன்னைத்தானே இப்படி எடைக்குப் போட்டுக் காட்ட எத்தனை பேருக்கு மனசு வரும்?

இதற்குப் பிறகு அவர் டைரக்டராகவும் முயன்றார். 1950-களின் பிற்பகுதியில் ஒரு படம், 1960-இல் இன்னொரு படம். அவ்வளவுதான். மீதி வாழ்க்கை முழுவதும் பிறர் எழுதிய வசனத்தை, பிறர் சொன்ன இடத்தில் நின்று பேசினார். இத்தாலியில் இப்படிப்பட்டவர்களைக் 'கராத்தெரிஸ்தா' என்பார்கள். நாம் 'குணச்சித்திர நடிகர்' என்கிறோம். நம் சொல் இன்னும் அழகானது என்பது என் அபிப்பிராயம். அதில் 'சித்திரம்' இருக்கிறது. 'துணை நடிகர்' என்னும் சொல்லோ அவரை யாருக்கோ எடுபிடியாக்கிவிடுகிறது.

"பாவம், எழுத்தாளராக வந்திருக்க வேண்டியவர், சில்லறை வேடங்களில் காலத்தைக் கழித்துவிட்டார்" என்று இவரைப் பற்றிச் சொல்லலாம். சொல்கிறவர்களும் இருப்பார்கள். இந்தப் பேச்சைத்தான் நான் மறுக்க விரும்புகிறேன்.

ஜெர்மியின் இரண்டு படங்களை எடுத்துக்கொள்வோம். இத்தாலியில் 1970 வரை விவாகரத்துச் சட்டமே கிடையாது. ஆனால் குற்றவியல் சட்டத்தின் 587-ஆவது பிரிவு ஒரு சௌகரியம் செய்து கொடுத்திருந்தது. கள்ள உறவில் இருக்கும் மனைவியைக் கண்டு, ஆத்திரத்தில், மானத்துக்காகக் கொன்றால் மூன்று முதல் ஏழு ஆண்டுதான் சிறை. 'இத்தாலியபாணி விவாகரத்து' (1961) படத்தில் மார்ச்செல்லோ மாஸ்த்ரோயானி இந்தப் பிரிவை நம்பித் திட்டம் போடுகிறார். மனைவிக்கு ஒரு காதலனை ஏற்பாடு செய்ய வேண்டுமே? அகப்படுகிறார் அவளுடைய பழைய காதலரான ஓவியர் கார்மெலோ பத்தானே. இவர்தான் நம் திரியெஸ்தே. கூச்ச சுபாவம், கலைஞர் என்னும் நினைப்பு, வீட்டில் ஒரு பொல்லாத மனைவி. தன்னை ஒருவன் பொறியில் வைக்கும் இரையாக்குகிறான் என்று தெரியாமலே கடைசியில் உயிரை விடுகிறார். ஹீரோ மாஸ்த்ரோயானிதான், சந்தேகமில்லை. ஆனால் அந்த ஓவியர் நம்பும்படி இல்லாவிட்டால் திட்டமே இல்லை, படமே இல்லை.

அடுத்தது 1964-இல் வந்த 'செதோத்தா எ அப்பந்தொனாத்தா'. கெடுக்கப்பட்டுக் கைவிடப்பட்டவள் என்று பொருள். இது 544-ஆவது பிரிவைக் குறிவைத்தது. பெண்ணைக் கெடுத்தவன் அவளையே மணந்துகொண்டால் குற்றம் ரத்து என்றது அந்தப் பிரிவு. சிசிலியில் ஒரு குடும்பத் தலைவன். மூத்த மகளுக்கு நிச்சயித்த மாப்பிள்ளை இளைய மகளைக் கெடுத்துவிடுகிறான். அவனை இளையவளுக்கே கட்டி வைத்தாக வேண்டும். அப்படியானால் மூத்தவளுக்கு அவசரமாக ஒரு மாப்பிள்ளை வேண்டும். கிடைக்கிறார் ஒரு பிரபு. சொத்தெல்லாம் போய், பல்லும் போய், தூக்கில் தொங்கும் யோசனையில் இருப்பவர். குடும்பத் தலைவன் அவருக்குப் பல்செட் வாங்கிக் கொடுத்து மாப்பிள்ளையாக்குகிறான்!

இந்தப் பிரபுவாக நடித்ததற்குத்தான் திரியெஸ்தேவுக்கு இத்தாலியத் திரைப் பத்திரிகையாளர்களின் 'நாஸ்த்ரோ தர்ஜென்தோ' விருது கிடைத்தது. வெறும் நகைச்சுவை வேடமாக அதை ஊதித் தள்ளியிருக்கலாம். அவர் அப்படிச் செய்யவில்லை. பல்லில்லாத வாயை வைத்துக்கொண்டு அந்த மனிதர் இன்னும் குலப்பெருமை பேசும்போது, 'மானம்' என்ற பெயரில் ஒரு சமூகம் எதையெல்லாம் விலைக்கு வாங்குகிறது என்பது தெரிந்துவிடுகிறது. நிஜ வாழ்க்கையிலும் இது நடந்தது. 1965-இன் கடைசியில் சிசிலியில் கடத்திக் கெடுக்கப்பட்ட ஃப்ராங்கா வியோலா என்னும் பெண், அவனைக் கட்டிக்கொள்ள மாட்டேன் என்று மறுத்துக் கோர்ட்டுக்குப் போய் ஜெயித்தார். அந்த இரண்டு சட்டப் பிரிவுகளும் 1981-இல்தான் நீக்கப்பட்டன. ஒரு படத்தால் சட்டம் மாறியது என்று சொல்ல மாட்டேன். ஊரே மதித்த ஒன்றைப் பார்த்து ஊரையே சிரிக்க வைத்தவர்களில் அந்தப் பொக்கைவாய்ப் பிரபுவுக்கும் பங்கு உண்டு என்பேன்.

அதே படத்தில் குடும்பத் தலைவனாக நடித்தவர் சாரோ உர்ஸி. அவரும் அதுவரை வருஷக்கணக்கில் பக்கத்து வேடங்கள் போட்டவர். 1964 கான் விழாவில் சிறந்த நடிகர் பரிசை ஹங்கேரிய நடிகர் ஒருவருடன் பகிர்ந்துகொண்டார். எட்டு வருஷம் கழித்துக் கொப்போலா 'காட்ஃபாதர்' முதல் பாகம் எடுத்தபோது, அல் பசீனோ காதலிக்கும் சிசிலிப் பெண்ணின் தகப்பனாராக வந்தவர் இந்த உர்ஸிதான். இரண்டாம் பாகத்தில் வீட்டுக்காரர் ரொபெர்த்தோவாக வந்தவர் திரியெஸ்தே. அமெரிக்காவிலிருந்து வந்த டைரக்டருக்கு ஆள் தேர்வு தெரிந்திருந்தது.

அந்த வீட்டுக்காரர் வருவது இரண்டே இரண்டு காட்சி. முதல் காட்சியில் ராபர்ட் டி நீரோ, அதாவது இளம் வீட்டோ கார்லியோனி, தெருவில் நிறுத்திப் பணிவாகக் கேட்கிறார். இவர் எகிறுகிறார். 'என் வீடு, என் இஷ்டம்' என்னும் தோரணை. பிறகு அக்கம்பக்கத்தில் விசாரித்திருக்கிறார், ஆள் யார் என்று தெரிந்துவிட்டது. இரண்டாம் காட்சியில் தாமாகவே டி நீரோவின் கடைக்கு வந்து நிற்கிறார். வாங்கிய பணத்தைத் திருப்பித் தருகிறார், வாடகையைக் குறைக்கிறார், இன்னும் குறைக்கிறார். வெளியே போகலாம் என்றால் கதவு திறக்க மாட்டேன் என்கிறது. அந்தக் கதவோடு அவர் படும் பாடு! இதில் டி நீரோ ஒரு மிரட்டல் வார்த்தைகூடப் பேசவில்லை என்பதைக் கவனியுங்கள். வீட்டோவுக்கு ஊரில் எவ்வளவு செல்வாக்கு வந்துவிட்டது என்பதை நமக்குச் சொல்வது திரியெஸ்தேவின் நடுக்கந்தான். அந்தப் படத்தில் டி நீரோவுக்கு ஆஸ்கார் கிடைத்தது. நியாயமாகவே கிடைத்தது. அதில் ஒரு துளி இந்த வீட்டுக்காரர் ஊற்றியது.

'சினிமா பாரடைஸோ'வின் பாதிரியாருக்கு வருவோம். சிசிலிச் சிற்றூரின் கொட்டகையில் எந்தப் படமானாலும் முதலில் பாதிரியாருக்குத் தனியாகப் போட்டுக் காட்ட வேண்டும். முத்தம் வந்தால் அவர் மணி ஆட்டுவார். ஆபரேட்டர் ஆல்ஃப்ரெதோ அந்த இடத்தில் காகிதத் துண்டு செருகி, பிறகு வெட்டிவிடுவார். வேறு ஒருவர் நடித்திருந்தால் அந்தப் பாதிரியார் கொடுமைக்காரராகியிருப்பார். திரியெஸ்தேவோ படத்தில் அப்படியே லயித்துப் போகிறார். ஊரிலேயே அவரைப் போல் சினிமா ரசிகர் இல்லை என்று தோன்றும். மணி ஆட்டுவது அவருடைய கடமை, அவ்வளவே. அதனால்தான் வெட்டப்பட்ட முத்தங்களெல்லாம் கடைசியில் ஒரே சுருளாக ஓடும்போது, நமக்கு அவர்மேல் கோபம் வருவதில்லை. கண்ணீர் வருகிறது. 1990-இல் சிறந்த வெளிநாட்டுப் படத்துக்கான ஆஸ்காரை அந்தப் படம் பெற்றது.

டெலிவிஷனையும் விட்டுவிடக் கூடாது. இத்தாலிய அரசுத் தொலைக்காட்சியான 'ராய்' 1985-இல் 'க்வோ வாதிஸ்' நாவலைத் தொடராகத் தயாரித்தது. நீரோ மன்னன் காலத்துக் கதை. பீட்டராக மாக்ஸ் வான் சிடோ போன்ற உலகப் பிரசித்தர்கள் நடித்த அந்தத் தொடரில், உளவு சொல்லிப் பிழைக்கும் கிரேக்கன் கிலோன் வேடம் திரியெஸ்தேவுக்கு. காட்டிக் கொடுப்பவன், கோழை. கடைசியில் மனம் மாறி, மன்னனுக்கு எதிராகவே வாய் திறக்கும் பாத்திரம். அடுத்த வருஷம் 'ரோஜாவின் பெயர்' படத்தில் துறவி, அதே வருஷம் 'மோமோ'வில் தெருக்கூட்டும் கிழவர் பெப்போ. இதற்கு முன்பே நிக்கலஸ் ரோக்கின் 1973 படத்தில் வெனிஸ் ஹோட்டல் மானேஜர். பட்டியல் போட்டுக்கொண்டே போகலாம்.

1995-இல் தோர்னதோரே 'லுவோமோ தெல்லெ ஸ்தெல்லே' படத்தை எடுத்தார். காமிராவோடு சிசிலி கிராமங்களுக்குப் போய், "உங்களை நட்சத்திரமாக்குகிறேன்" என்று ஏழைகளிடம் காசு பறிக்கும் ஓர் ஏமாற்றுக்காரனின் கதை. அதில் ஊமை என்றே அழைக்கப்படும் கிழவராக வந்த திரியெஸ்தேவுக்கு, 1996-இல் இத்தாலியின் மிகப் பெரிய திரைப்பட விருதான 'தாவித் தி தொனதெல்லோ' கிடைத்தது. வசனம் எழுத வந்தவருக்கு முதிய வயதில் ஊமை வேடத்துக்கு விருது! 2003-ஆம் ஆண்டு ஜனவரியில், தமது 85-ஆம் வயதில், ரோமில் காலமானார்.

இப்போது அந்தப் பழைய கேள்விக்கு வருகிறேன். அவர் எழுதாமல் போன நாடகங்கள் ஒரு நஷ்டமில்லையா? நஷ்டந்தான், மறுக்கவில்லை. ஆனால் அவருக்குள் இருந்த எழுத்தாளர் எங்கும் ஓடிப் போகவில்லை என்பதே என் கட்சி. அவர் புகழ் பெற்ற முதல் வேடங்களைப் பாருங்கள்: மனைவிமேல் கவிதை எழுதும் மாப்பிள்ளை, நாடகம் எழுதும் வாலிபன், கோட்டை விட்ட ஓவியர். தமக்குள் இருந்த ஆசையையும் அகந்தையையும் பயத்தையும் எடுத்து அந்த வேடங்களுக்குக் கொடுத்திருக்கிறார். ஒரு பாத்திரத்தின் முன்கதை முழுவதையும் மனத்துக்குள் எழுதிப் பார்க்கத் தெரிந்தவரால்தான், இரண்டு நிமிஷத்தில் ஒரு முழு மனிதனைக் கொண்டுவந்து நிறுத்த முடியும்.

இதை இவ்வளவு தூரம் எழுதக் காரணம் சொல்கிறேன் என்றேனே, அது இதுதான். சொந்த ஊரை விட்டு வேற்று மாநிலத்துக்கு வந்து குடித்தனம் நடத்தும் நம் குடும்பங்களில் ஒரு பரபரப்பு எப்போதும் உண்டு. பிள்ளைகள் முதல் ராங்க் வாங்க வேண்டும், முன் வரிசையில் நிற்க வேண்டும். இல்லாவிட்டால் இவ்வளவு தூரம் வந்ததற்கே அர்த்தமில்லை என்பது போல் பேசுகிறோம். சங்கத்தின் ஆண்டு விழா நாடகத்துக்கு ஆள் எடுக்கும்போதும் இதே கதைதான். "எங்க பையனுக்கு என்ன ரோல்? எத்தனை சீன் வரான்?" என்று கேட்கும் பெற்றோர் உண்டே தவிர, "அந்த வேடத்தை அவன் சரியாகச் செய்கிறானா?" என்று கேட்பவர் அபூர்வம். சின்ன வேடம் கொடுத்ததற்காகப் பிள்ளையை நிறுத்திக்கொண்ட வீடுகளும் உண்டு. அந்தக் குழந்தை எதை இழந்தது என்று அந்த வீட்டார் யோசித்திருப்பார்களா?

நினைத்துப் பார்த்தால், வந்த ஊரில் நாமும் பெரும்பாலும் பக்கத்து வேடக்காரர்கள்தாம். ஆபீசில் கணக்கு எழுதுகிறவர், ஆஸ்பத்திரியில் இரவு டியூட்டி பார்க்கிறவர், பள்ளியில் பாடம் நடத்துகிறவர் என்று இந்த ஊரின் பெரிய கதையில் நமக்குக் கிடைத்திருப்பது இரண்டொரு காட்சி. அதில் வெட்கப்பட என்ன இருக்கிறது? அந்த இரண்டு காட்சியும் நம்பும்படி இருந்தால் ஊர் நடக்கிறது.

ஒரு யோசனையோடு முடிக்கிறேன். சங்கத்தில் மாதம் ஒரு படம் போடும்போது, படம் தொடங்குமுன் ஹீரோவையும் டைரக்டரையும் அறிமுகம் செய்வதோடு நிறுத்தாமல், சின்ன வேடத்தில் வரும் ஒரு நடிகரைப் பற்றியும் ஐந்து நிமிஷம் யாராவது பேசட்டும். இதற்குச் செலவில்லை. ஆண்டு விழாவில் சிறந்த நடிகருக்குக் கொடுக்கும் பரிசோடு, மிகக் குறைந்த நேரம் மேடையில் நின்று மனத்தில் நின்றவர் என்று ஒரு பரிசும் வைக்கலாம். செயற்குழு விரும்பினால் முதல் வருஷத்துப் பரிசுக் கோப்பைக்கான செலவை நான் ஏற்கிறேன்.